ஒரே உயில், மூன்று நீதிமன்றங்கள்: குடும்பச் சொத்து வழக்குகள் ஓரிடத்தில் சேர வேண்டும்

தகப்பனார் காலமான பிறகு சொத்துத் தகராறு கோர்ட்டுக்குப் போனால், பல குடும்பங்களில் அது ஒரே வழக்காகப் போவதில்லை. இரண்டாக, மூன்றாக உடைந்துதான் போகிறது. ஓர் உதாரணக் குடும்பத்தை எடுத்துக்கொள்வோம். தகப்பனாருக்குக் கும்பகோணத்தில் வீடு, பக்கத்துக் கிராமத்தில் நஞ்சை, திருச்சியில் ஒரு மனை. வீட்டில் குடியிருக்கும் மூத்த மகன், எல்லாச் சொத்தும் தனக்கே என்று அப்பா உயில் எழுதிவைத்ததாகச் சொல்கிறார். தம்பியும் தங்கையும் வீட்டுக்குள் நுழையக் கூடாது என்று கும்பகோணம் முன்சீப் கோர்ட்டில் உறுத்துக்கட்டளை கேட்கிறார். உயிலுக்கு முன்பே நஞ்சையை அப்பா தனக்குச் செட்டில்மெண்ட் எழுதிக்கொடுத்துவிட்டார் என்பது இளைய மகனின் கட்சி. அவர் அதே ஊர்ச் சார்பு நீதிமன்றத்தில் உரிமை விளம்புகை கேட்கிறார். மகளோ, சொத்து பூர்வீகம், உயில் போலி, செட்டில்மெண்ட் செல்லாது, மூன்றில் ஒரு பங்கு தனக்கு வேண்டும் என்று திருச்சி மாவட்ட நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்குப் போடுகிறார். கோப்பில் இவை மூன்று வழக்குகள். தகராறு ஒன்றுதான். சொத்து பூர்வீகமா சுயார்ஜிதமா, உயில் உண்மையா, செட்டில்மெண்ட் எழுதியபோது அப்பா சுய நினைவோடு இருந்தாரா என்ற கேள்விகள் மூன்று கோர்ட்டிலும் வரும். இத்தகைய வழக்குகளை ஒரே நீதிமன்றத்துக்கு மாற்றுவது ஏதோ ஒரு தரப்பின் போக்குவரத்துச் சிரமத்தைக் குறைக்கும் சலுகை என்றே பொதுவாகக் கருதப்படுகிறது. அந்தப் பார்வை போதாது. சரியான தீர்ப்பு கிடைக்க அந்த மாற்றம் அடிப்படைத் தேவை. விசாரணை தொடங்கும் முன்பே அதைக் கேட்கவும் வேண்டும், கொடுக்கவும் வேண்டும்.

வழக்குகள் இப்படிச் சிதறுவதற்கு எப்போதும் சூழ்ச்சிதான் காரணம் என்று எண்ண வேண்டாம். சட்டத்தின் அமைப்பே அதற்கு வழிவிடுகிறது. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், ஒவ்வொரு வழக்கையும் அதை விசாரிக்கும் அதிகாரமுள்ள மிகக் கீழ்நிலை நீதிமன்றத்தில்தான் தாக்கல் செய்ய வேண்டும் என்கிறது. இது 15-ஆவது பிரிவு. அசையாச் சொத்து எந்த எல்லைக்குள் இருக்கிறதோ அங்கே வழக்குப் போட வேண்டும் என்பது 16-ஆவது பிரிவு. சொத்து பல நீதிமன்றங்களின் எல்லைக்குள் பரவிக் கிடந்தால் அவற்றில் எதில் வேண்டுமானாலும் போடலாம் என்பது 17-ஆவது பிரிவு. இதோடு வழக்கின் மதிப்பீடும் சேர்ந்துகொள்கிறது. உறுத்துக்கட்டளைக்கு ஒரு மதிப்பு, விளம்புகைக்கு ஒரு மதிப்பு, பாகப்பிரிவினைக்கு வேறொரு மதிப்பு என்று 1955-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் கணக்கு வைத்திருக்கிறது. அதனால் ஒரே வீட்டைப் பற்றிய வழக்கு, என்ன பரிகாரம் கேட்கிறோம் என்பதைப் பொறுத்து முன்சீப் கோர்ட்டுக்கும் போகலாம், மாவட்ட நீதிமன்றத்துக்கும் போகலாம். தமிழ்நாட்டில் 1989-இல் வந்த வாரிசுரிமைச் சட்டத் திருத்தமும், நாடு முழுமைக்கும் 2005-இல் வந்த திருத்தமும், அதற்கு விளக்கம் தந்த 2020 ஆகஸ்ட் உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் மகள்களின் பங்குரிமையை உறுதிசெய்தன. அண்ணன் தம்பிக்குள் ஏற்கெனவே நடந்துகொண்டிருக்கும் வழக்குக்கு வெளியே, அதில் தரப்பினராகச் சேர்க்கப்படாத மகள் தனியாக ஒரு பாகப்பிரிவினை வழக்குப் போட வேண்டிய நிலை இன்று இயல்பாகவே வருகிறது.

சிதறலால் என்ன கெடுகிறது என்பதை அந்த உயிலை வைத்தே பார்க்கலாம். உயிலைச் சாட்சியமாக ஏற்க வேண்டுமானால், அதில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் ஒருவரையாவது கோர்ட்டில் விசாரித்தாக வேண்டும். அவர் உயிரோடு இருந்து, சாட்சி சொல்லும் நிலையில் இருந்தால், இதிலிருந்து தப்ப முடியாது. பெரும்பாலும் அவர் எழுதியவரின் வயதையொத்தவர், பக்கத்து வீட்டுக்காரர் அல்லது தூரத்து உறவினர். மூன்று வழக்குகள் என்றால் அவர் மூன்று முறை கூண்டில் ஏற வேண்டும். ஒரு கோர்ட்டில் ‘அவர் கையெழுத்துப் போட்டதை என் கண்ணால் பார்த்தேன்’ என்று சொல்லிவிட்டு, இரண்டு வருடம் கழித்து இன்னொரு கோர்ட்டில் ‘நான் போனபோது கையெழுத்து ஏற்கெனவே இருந்தது’ என்று அவர் சொன்னால், பொய் சொல்கிறாரா, மறதியா என்று எந்த நீதிபதிக்கும் தெரியாது. அசல் உயில் ஒன்றுதான் இருக்கிறது. அது கும்பகோணத்தில் சான்றாவணமாகக் குறியிடப்பட்டு அந்தக் கட்டோடு சேர்ந்துவிட்டால், திருச்சிக் கோர்ட்டுக்கு அதை வரவழைக்கத் தனியாக மனுப் போட வேண்டும். அங்கிருந்து அனுப்பி, இங்கு வந்து சேர்ந்து, கையெழுத்து நிபுணருக்குப் போய்த் திரும்பும்வரை இரண்டு கோர்ட்டிலும் வாய்தாதான். இத்தனைக்கும் பிறகு ஒரு நீதிபதி உயில் உண்மை என்றும், இன்னொருவர் போலி என்றும் முடிவுக்கு வரலாம். அவரவர் முன்னால் வந்த சாட்சியத்தைப் பொறுத்தவரை இருவர் சொன்னதுமே சரியாக இருக்கவும் கூடும். இது நீதிபதிகளின் குறையல்ல. முழுப் படத்தை யாருக்கும் காட்டாத ஏற்பாட்டின் குறை.

முரண்பட்ட தீர்ப்புகளைத் தவிர்க்க உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் வைத்திருக்கும் பெரிய கருவி 11-ஆவது பிரிவு. ஒரே தரப்பினருக்கிடையே ஒருமுறை விசாரித்து முடிவான விஷயத்தை மறுபடி கிளறக் கூடாது என்பது அதன் சாரம். ஆனால் இணையாக ஓடும் குடும்ப வழக்குகளில் இந்த நல்ல விதியே ஓட்டப்பந்தயத்துக்கு வழிவகுத்துவிடுகிறது. 1976-இல் சேர்க்கப்பட்ட எட்டாவது விளக்கத்தின்படி, குறைந்த அதிகாரமுள்ள நீதிமன்றம் தன் வரம்புக்குள் தந்த முடிவும் பின்னால் வரும் பெரிய வழக்கைக் கட்டுப்படுத்தும். ஆகவே முன்சீப் கோர்ட்டின் சின்ன வழக்கில் உயில் உண்மை என்ற முடிவை முதலில் வாங்கிவிட்டால், மாவட்ட நீதிமன்றத்தில் இருக்கும் பாகப்பிரிவினை வழக்கின் முதுகெலும்பையே உடைத்துவிடலாம் என்று ஒரு தரப்பு கணக்குப் போடுகிறது. மறுதரப்பு அந்தச் சின்ன வழக்கை இழுத்தடிக்கிறது. உறுத்துக்கட்டளை வழக்கில் உரிமை மூலத்தைப் பற்றிய சிக்கலான கேள்விகளைத் தீர்த்துவிடக் கூடாது, அவற்றை விளம்புகை கேட்கும் முழு வழக்குக்கு விட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் விரிவாக விளக்கியிருக்கிறது. அந்த அறிவுரை காகிதத்தில் தங்கிவிடாமல் நடைமுறைக்கு வர வேண்டுமானால், சின்ன வழக்கும் பெரிய வழக்கும் ஒரே மேசையில் இருக்க வேண்டும்.

‘பிந்தைய வழக்கை நிறுத்திவைக்க 10-ஆவது பிரிவு இருக்கிறதே, மாற்றம் எதற்கு?’ என்று கேட்கலாம். அந்தப் பிரிவின் வாசல் குறுகியது. முந்தைய வழக்கிலும் பிந்தைய வழக்கிலும் விஷயம் நேரடியாகவும் கணிசமாகவும் ஒன்றாக இருக்க வேண்டும், தரப்பினரும் அவர்களே ஆக வேண்டும். முந்தைய வழக்கின் தீர்ப்பு பிந்தையதை முழுவதுமாகக் கட்டுப்படுத்துமா என்பதே அங்கு உரைகல் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வீட்டுக்கான உறுத்துக்கட்டளையும் மூன்று சொத்துக்கான பாகப்பிரிவினையும் இந்த உரைகல்லில் நிற்காது. நின்றாலும் பயன் குறைவு. முந்தைய வழக்கு எவ்வளவு சிறியதாக இருந்தாலும் அது முடியும்வரை பெரிய வழக்கு தூங்க வேண்டியதுதான். நிறுத்திவைத்தல் ஒரு வழக்கை உறைய வைக்கிறது, வழக்குகளைச் சேர்ப்பதில்லை. சேர்க்கும் வேலையைச் செய்வது 22 முதல் 25 வரையிலான பிரிவுகள்.

இவற்றில் அன்றாடம் பயன்படுவது 24-ஆவது பிரிவு. மாவட்ட நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும், வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தாலும், தரப்பினர் மனுவின் பேரிலோ தாமாகவோ, தங்கள் கீழுள்ள ஒரு நீதிமன்றத்திலிருந்து எடுத்து இன்னொன்றுக்கு அனுப்பலாம், தாமே எடுத்தும் விசாரிக்கலாம். பெறுகிற நீதிமன்றத்துக்கு அந்த வழக்கை விசாரிக்கும் தகுதி இருக்க வேண்டும். அதனால்தான் முன்சீப் கோர்ட் வழக்கு மேலே போகிறது. மாவட்ட நீதிமன்ற வழக்கு கீழே இறங்குவதில்லை. இரண்டு வழக்கும் ஒரே மாவட்டத்துக்குள் என்றால் மாவட்ட நீதிமன்றத்தில் மனுப் போட்டாலே போதும். நம் உதாரணத்தில் தஞ்சாவூர், திருச்சி என்று இரண்டு மாவட்டங்கள் வருவதால் உயர் நீதிமன்றத்துக்கு, அதாவது மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். ஒரு வழக்கு நாகப்பட்டினத்திலும் இன்னொன்று காரைக்காலிலும் இருந்தால்கூடச் சென்னை உயர் நீதிமன்றமே போதும். புதுச்சேரி ஒன்றியப் பகுதியும் அதன் ஆளுகைக்குள் வருகிறது. ஒன்று கோயம்புத்தூரிலும் மற்றது பாலக்காட்டிலும் என்றால் 25-ஆவது பிரிவின்படி உச்ச நீதிமன்றம்தான் வழி. ஒரு மாநில உயர் நீதிமன்றம் தன் கீழுள்ள வழக்கை வேறு மாநில நீதிமன்றத்துக்கு அனுப்ப முடியாது என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. 22-ஆவது பிரிவு பிரதிவாதிக்கானது. வாதிக்குப் பல நீதிமன்றங்களில் தேர்வு இருந்து அவர் ஒன்றைப் பிடித்துக்கொண்டபோது, எதிர்த்தரப்புக்கு அறிவிப்புத் தந்துவிட்டு, மிக முந்திய சந்தர்ப்பத்திலேயே, எழுவினாக்கள் (வழக்கில் விசாரித்து முடிவுசெய்ய வேண்டிய கேள்விகள்) வனைவதற்குள் மாற்றம் கேட்க அது இடம் தருகிறது.

மாற்ற மனுவை எப்படி எடைபோட வேண்டும் என்பதற்கு, கண்டி பிரண்ட்ஸ் எஜுகேஷன் டிரஸ்ட் சம்பந்தப்பட்ட 2008-ஆம் ஆண்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் சில அளவுகோல்களைத் தொகுத்தது. இரு தரப்பின் வசதி, சாட்சிகளின் வசதி, எழும் கேள்விகளின் தன்மை, நியாயம் கிடைக்காது என்ற நியாயமான அச்சம், நீதியின் நலன் ஆகியவை அவற்றில் அடங்கும். காரணம் சொல்லாமல் மாற்ற உத்தரவு போடக் கூடாது என்பதும், மாற்றும்போது வழக்கின் தகுதியைப் பற்றி அபிப்பிராயம் சொல்லக் கூடாது என்பதும் அதே தீர்ப்பின் பாடம். இந்தப் பட்டியலில் வசதி முதலில் கண்ணில் படுகிறது. குடும்பச் சொத்து வழக்குகளில் முதலிடம் பெற வேண்டியது எழும் கேள்விகளின் தன்மைதான். இதற்கு வணிக வழக்கு ஒன்றே நல்ல சான்று. சிட்டிவலசா ஜூட் மில்ஸ் நிறுவனத்துக்கும் ஒரு சிமெண்ட் நிறுவனத்துக்கும் சணல் பை வியாபாரத்தில் ஏற்பட்ட தகராறில் விசாகப்பட்டினத்தில் ஒரு வழக்கும் மத்தியப் பிரதேசத்தின் ரேவாவில் ஒரு வழக்கும் நடந்தன. 2004-இல் உச்ச நீதிமன்றம் இரண்டையும் ஒரே நீதிமன்றத்தில் சேர்த்தது. ஒரே சாட்சியம் இரண்டு இடத்தில் பதிவாகி முரண்பட்ட தீர்ப்புகள் வரக் கூடாது என்பதே அதன் அடிப்படை. வழக்குகளை ஒன்றுசேர்ப்பது பற்றிச் சட்டத்தில் தனி விதி இல்லாவிட்டாலும், 151-ஆவது பிரிவின் உள்ளார்ந்த அதிகாரத்தால் அதைச் செய்யலாம் என்றும் அத்தீர்ப்பு சொல்கிறது. பை விற்ற கணக்குக்கே இந்த அக்கறை பொருந்தும் என்றால், ஒரு குடும்பத்தின் பூர்வீகக் கணக்குக்கு எவ்வளவு பொருந்த வேண்டும்!

எதிர்வாதங்களில் வலுவானது, வாதிக்கு நீதிமன்றத்தைத் தேர்ந்தெடுக்கும் உரிமை உண்டு என்பது. வழக்குக்கு எஜமான் வாதிதான், அவர் சட்டப்படி தேர்ந்த இடத்தை எளிதாக மாற்றக் கூடாது என்று 1979-இல் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றமே சொன்னது. பொதுவான வழக்குகளில் இது நியாயமானது. ஆனால் நம் உதாரணத்தில் வாதி யார்? மூவருமே ஒவ்வொரு கோர்ட்டில் வாதிகள், மற்ற கோர்ட்டுகளில் பிரதிவாதிகள். பாகப்பிரிவினை வழக்கில் எல்லாத் தரப்பும் ஒரே சமயத்தில் வாதியும் பிரதிவாதியும் ஆவார்கள் என்பது நிலைபெற்ற சட்டக் கருத்து. பிரதிவாதியும் தன் பங்கைப் பிரித்துத் தரும்படி அதே வழக்கில் கேட்கலாம். மூன்று எஜமானர்களும் மூன்று இடங்களைச் சுட்டும்போது, அந்த உரிமையை வைத்தே ஒருவர் தேர்வை மற்றவர் தேர்வுக்கு மேலே வைக்க முடியாது. அங்கே முடிவெடுக்க மேல்நிலை நீதிமன்றம் தலையிட்டே ஆக வேண்டும்.

அடுத்த எதிர்வாதம் தாமதம். மாற்ற மனு என்பதே வழக்கை இழுக்கும் தந்திரமாகிவிட்டது என்ற குற்றச்சாட்டில் உண்மை இருக்கிறது. வாதி தரப்புச் சாட்சியம் முடிந்து குறுக்கு விசாரணையில் மாட்டிக்கொண்ட பிறகு, திடீரென்று ‘இன்னொரு கோர்ட்டில் சம்பந்தப்பட்ட வழக்கு இருக்கிறது’ என்று ஒருவர் கண்டுபிடித்தால், அந்த மனுவைச் செலவுத்தொகையோடு தள்ளுபடி செய்வதுதான் நீதி. மாற்ற மனுப் போட்டதாலேயே விசாரணை நின்றுவிடாது, தடை உத்தரவு இருந்தால்தான் நிற்கும் என்பதையும் கீழ்நிலை நீதிமன்றங்கள் உறுதியாகக் கடைப்பிடிக்க வேண்டும். இந்த எதிர்வாதம் காட்டுவது மாற்றத்தின் தீமையை அல்ல. பிந்திய மாற்றத்தின் தீமையை. எழுவினாக்கள் வனைவதற்கு முன்பே மூன்று வழக்குகளும் சேர்ந்துவிட்டால் ஒரே சாட்சியப் பதிவு, ஒரே ஆணையர் அறிக்கை, ஒரே வாதம். பாகப்பிரிவினையில் முதனிலைத் தீர்ப்பாணை வந்த பிறகும் இறுதித் தீர்ப்பாணைக்காக ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் கொடுமையைக் கண்டுதான், முதனிலை முடிந்ததும் நீதிமன்றம் தானாகவே அடுத்த கட்டத்துக்குப் போக வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் வேறு கோர்ட்டில் அதே நிலத்தைப் பற்றி ஒரு வழக்கு உயிரோடு இருக்கும்வரை, எந்த ஆணையர் வந்து அளந்து கல் நட்டாலும் அந்தக் கல்லுக்கு உறுதி கிடையாது.

மூன்றாவது கவலை மனிதாபிமானம் சார்ந்தது. இத்தகைய குடும்பங்களில் வயதான தாயோ, வருமானமில்லாத மகளோ, சேர்ப்பு என்ற பெயரில் தூரத்துக் கோர்ட்டுக்கு அலைய வேண்டுமா? வேண்டியதில்லை. எங்கே சேர்ப்பது என்ற கேள்வியில்தான் வசதிக்கு உரிய இடம் இருக்கிறது. முழுத் தகராறையும் தீர்க்கும் அதிகாரம், பெரும்பகுதிச் சொத்து இருக்கும் இடம், விசாரணை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பது, பலவீனமான தரப்பு வந்துபோகக்கூடிய தூரம் இவற்றைச் சேர்த்துப் பார்த்து இடத்தை முடிவுசெய்யலாம். வீடும் நஞ்சையும் தஞ்சாவூர் மாவட்டத்தில் இருக்கும்போது, திருச்சியில் உள்ள பாகப்பிரிவினை வழக்கைத் தஞ்சாவூர் மாவட்டத்திலேயே அதே தகுதியுள்ள நீதிமன்றத்துக்குக் கொண்டுவரவும் உயர் நீதிமன்றம் உத்தரவிட முடியும். முதல் விசாரணைச் சாட்சியத்தைப் பிரமாண வாக்குமூலமாகத் தரலாம். நோயாளிகளையும் முதியவர்களையும் ஆணையர் வீட்டுக்கே போய் விசாரிக்கலாம். காணொலி வழி விசாரணையும் இன்று இருக்கிறது. ஒரு கோர்ட் தூரமாக இருப்பதைவிட மூன்று கோர்ட்டுக்கு வக்கீல் வைப்பதுதான் ஏழைத் தரப்பை நசுக்குகிறது. பணமுள்ளவர் மூன்று இடத்திலும் தாக்குப்பிடிப்பார். இல்லாதவர் ஏதோ ஒரு வாய்தாவைத் தவறவிட்டு ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணையை வாங்கிக்கொள்வார்.

வழக்கறிஞர்கள் எழுப்பும் நுட்பமான ஆட்சேபம் ஒன்றும் உண்டு. முன்சீப் கோர்ட் வழக்கை மாவட்ட நீதிமன்றத்துக்கு மாற்றினால் மேல்முறையீட்டில் ஒரு படி குறைந்துவிடும், முதல் மேல்முறையீட்டுக்கே உயர் நீதிமன்றம் போக வேண்டிவரும் என்பது அது. உண்மைதான். ஆனால் சங்கதிகளை முழுமையாக மறுபரிசீலிக்கும் உரிமை முதல் மேல்முறையீட்டில்தான் இருக்கிறது, அது பறிபோவதில்லை. இரண்டாம் மேல்முறையீடு கணிசமான சட்டக் கேள்வி இருந்தால் மட்டுமே. அந்தப் படியை இழப்பது, முரண்பட்ட இரண்டு தீர்ப்பாணைகளைக் கையில் வைத்துக்கொண்டு இரண்டு மேல்முறையீட்டுப் பாதைகளில் நடப்பதைவிடச் சிறிய இழப்பு. இங்கே ஓர் எச்சரிக்கை அவசியம். மாற்ற உத்தரவு வந்ததும் வழக்குகள் தாமாக ஒன்றாகிவிடுவதில்லை. பெறும் நீதிமன்றத்தில் கூட்டு விசாரணைக்குத் தனி மனுப் போட வேண்டும். பொதுத் தீர்ப்பு வந்தாலும் ஒவ்வொரு வழக்குக்கும் தனித் தீர்ப்பாணை உண்டு. புதுச்சேரியிலிருந்து சென்ற கங்கை விநாயகர் கோயில் வழக்கில் 2014-இல் உச்ச நீதிமன்றம் காட்டிய பாடம் இதுதான்: சேர்த்து விசாரித்த வழக்குகளில் ஒரு தீர்ப்பாணைக்கு மட்டும் மேல்முறையீடு செய்து மற்றதை விட்டுவிட்டால், விட்டது இறுதியாகி, செய்த மேல்முறையீட்டையே முடக்கிவிடும்.

குடும்பத்தார் சம்பந்தப்பட்ட எல்லா வழக்கையும் ஒரே மூட்டையாகக் கட்ட வேண்டும் என்பதல்ல இந்த வாதம். பக்கத்து வயல்காரரோடு வரப்புத் தகராறு, வாடகைதாரரை வெளியேற்ற வாடகை நீதிமன்றத்தில் போட்ட மனு, கணவன் மனைவிக்கிடையே குடும்ப நல நீதிமன்றத்தில் நடக்கும் சொத்து வழக்கு ஆகியவற்றுக்குத் தனித்தனி மன்றங்களும் தனித்தனிக் கேள்விகளும் இருக்கின்றன. ஒரு வழக்கின் முடிவு மற்றதன் முடிவை நிர்ணயிக்குமா, ஒரே ஆவணமும் ஒரே சாட்சியும் இரண்டிலும் வர வேண்டுமா என்ற இரண்டு கேள்விக்கும் ‘ஆம்’ என்று பதில் வந்தால் சேர்க்கலாம், இல்லாவிட்டால் விட்டுவிடலாம்.

இதை நடைமுறையாக்கப் புதிய சட்டம் தேவையில்லை. தாமாகவே மாற்றும் அதிகாரம் மாவட்ட நீதிமன்றத்துக்கும் உயர் நீதிமன்றத்துக்கும் ஏற்கெனவே இருக்கிறது. பாகப்பிரிவினை, உயில், செட்டில்மெண்ட் சம்பந்தப்பட்ட வழக்கு வந்ததும், இதே சொத்தில் வேறெங்காவது வழக்கு உண்டா என்று இரு தரப்பிடமும் பிரமாண வாக்குமூலம் கேட்பதை விசாரணை நீதிமன்றங்கள் வழக்கமாக்கிக்கொள்ளலாம். இ-கோர்ட்ஸ் தளத்தில் தரப்பினர் பெயரை வைத்து எந்த மாவட்டத்து வழக்கையும் தேட முடிகிற காலத்தில் இதைச் சரிபார்ப்பதும் கடினமல்ல. வழக்காடும் குடும்பங்களும் தங்கள் பங்குக்கு, எதிர்வழக்குரை தாக்கல் செய்யும் கட்டத்திலேயே எல்லா வழக்குகளின் எண், நீதிமன்றம், சொத்து விவரம், நிலை ஆகியவற்றை ஒரு தாளில் எழுதி வக்கீலிடம் தந்து மாற்ற மனுவைப் பற்றிக் கேட்க வேண்டும். எல்லா வழக்கும் ஓரிடத்தில் இருந்தால்தான் சமரச மையத்தில் உட்கார்ந்து பேசும் பேச்சுக்கும் பொருள் இருக்கும். ஒரு வழக்கில் ராஜியாகி இன்னொன்றில் சண்டை தொடர்வது சமரசமாகாது. தகப்பனார் என்ன விட்டுப்போனார், யாருக்கு எவ்வளவு என்ற கேள்விக்கு ஒரு குடும்பம் ஒரே பதிலைப் பெறும் உரிமையுடையது. அந்தப் பதில் அவர்களுக்குப் பிடிக்காமல் போகலாம், மேல்முறையீட்டில் மாறவும் செய்யலாம். ஆனால் எல்லாச் சாட்சியத்தையும் ஒருசேரக் கேட்ட ஒரு நீதிபதியிடமிருந்து அது வர வேண்டும்.